அகலச் செட்டை விமானம்

மடுத்தீனை இந்த நாட்டை விட்டுத் துரத்த வேண்டும். 2015ஆம் ஆண்டு பங்குனி மாதம் முழுக்க எனக்கு வேறு நினைப்பில்லை. சோறு வடிக்கும்போதும் அதுதான், பாரிசுக்கு வெளியே வில்லியே லே பெல்லில் இருந்து ரயிலில் வேலைக்கு வரும்போதும் அதுதான், பூசையில் முழந்தாளிட்டிருக்கும்போதும் அதுதான். பாவம் என்று தெரிந்துகொண்டேதான் நினைத்தேன்.

அவன் உனக்கு என்ன செய்தான் என்று கேட்பீர்கள். என் பிள்ளை பேர்ளியைச் சாகக் கொடுத்தவன் அவன். குண்டு போட்டது விமானம், அது எனக்கும் தெரியும். ஆனால் விமானத்தைப் பார்த்து விசில் ஊத வேண்டியவன் மடுத்தீன்.

2008 ஆடி மாதம். மன்னாரில் இருந்து இடம்பெயர்ந்து முழங்காவிலுக்கு அப்பால் ஒரு காட்டோரம் எழுபது குடும்பம் தறப்பாள் கொட்டில்களில் இருந்தோம். குண்டு போடுகிற விமானம் எதுவானாலும் எங்களுக்கு அது கிபிர்தான். மிக் என்று வேறொன்று இருப்பது தெரிந்தவர்கள் குறைவு. மடுத்தீனுக்கு அப்போது இருபத்திரண்டு வயது. பாலை மரத்தில் ஏறி வானத்தைப் பார்த்திருப்பது அவனுடைய வேலை. நீளமாக ஒருதரம் ஊதினால் பங்கருக்குள், பதுங்குகுழிக்குள், இறங்க வேண்டும். குறுக்கி இரண்டுதரம் ஊதினால் வெளியே வரலாம். இடையில் இன்னொன்று வந்தால் திரும்பவும் நீளமாக ஊதுவான். அன்று காலை பத்து மணிபோல நீளமாக ஊதினான். இறங்கினோம். விமானம் இரைந்துகொண்டு போய்த் தூரத்தில் எங்கோ போட்டது. பிறகு கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. பிறகு ஒரு விசிலும் இல்லாமல் எங்கள் தலைக்கு மேல் வந்து போட்டது. பேர்ளி பங்கர் வாசலில் கிடந்தாள். அவளுக்கு ஏழு வயது. என்னுடைய இடது காது அன்றோடு போனது.

பின்னேரம் எல்லோரும் கூடி மடுத்தீனை விசாரித்தார்கள். "முதல் வந்தது செட்டை மடக்கின பிளேன். பிறகு வந்தது வேறை. செட்டை நல்ல அகலம். மேலை மெல்லமாச் சுத்தினது. சாமான் ஏத்திற பிளேன் எண்டு நினைச்சன். அதாலைதான் திரும்ப ஊதேல்லை," என்றான். மற்றவர்கள் எல்லோரும் உள்ளே இருந்தவர்கள். அகலச் செட்டையை, அகலச் சிறகு விரித்த எதையும், ஒருவரும் காணவில்லை. போட்டுவிட்டுப் போகும்போது எட்டிப் பார்த்தவர்கள், அது செட்டை மடக்கிய விமானம்தான் என்று சத்தியம் பண்ணினார்கள். பங்கர் வாசலில் நின்றவள் நான் ஒருத்தி. என்னைக் கேட்டார்கள்.

"வானம் வெறுமையாக் கிடந்தது. இவன் நித்திரை கொண்டவன்," என்றேன்.

அவனுடைய கழுத்தில் இருந்த விசிலை அறுத்தெடுத்ததும் நான்தான். முகத்தில் துப்பினேன். அவன் துடைக்கவில்லை.

என் கணவர் நீக்கிலாஸ் அன்று அரிசி எடுக்கப் போயிருந்தவர். வந்து பிள்ளையின் சவப்பெட்டியைத்தான் கண்டார். 2010இல் பாரிசுக்கு வந்தோம். அவருக்கு ஒபர்வில்லியேயில் மொத்தக் கடைக் களஞ்சியத்தில் பெட்டி இறக்குகிற வேலை. எனக்கு மெனாஜ், அதாவது துப்புரவு வேலை. அந்த நாளைப் பற்றி அவர் என்னிடம் ஒரு கேள்வியும் கேட்டதில்லை. பிள்ளையைப் பறிகொடுத்தவளை என்ன கேட்பது என்று விட்டிருப்பார்.

2013இல் ஒருநாள் தமிழ்க் கடைகள் நிறைந்த லா சப்பலில், ரூ லூயி-பிளாங் தெரு உணவுக்கடை ஒன்றில், தோசைத் தட்டோடு மடுத்தீன் வந்து எனக்கு முன்னால் நின்றான். நான் சாப்பிடாமல் எழும்பிப் போய், இவன் காவலில் நித்திரை கொண்டு என் பிள்ளையைச் சாகக் கொடுத்தவன் என்று முதலாளியிடம் சொன்னேன். அடுத்த கிழமை அவன் அங்கே இல்லை. வேறு கடையில் சேர்ந்தான். அங்கும் போய்ச் சொன்னேன். கோயில் வாசலில் சொன்னேன், சலூனில் தலைமயிர் வெட்டக் காத்திருந்த பெண்களிடம் சொன்னேன். அவன் எதிரே வந்தால் வீதியின் மற்றப் பக்கம் மாறுவான். எனக்கு அதில் ஒரு திருப்தி இருந்தது. இல்லை என்று பொய் சொல்ல மாட்டேன்.

அப்படி இருக்கையில்தான் ஷிரோமி தொலைபேசி எடுத்தாள். அகதி வழக்குகளுக்கு மொழிபெயர்க்கிற பிள்ளை அவள். மடுத்தீனின் அகதிக் கோரிக்கை முதல் தடவை நிராகரிக்கப்பட்டுவிட்டதாம். யுத்தம் முடிந்ததும், இயக்கத்துக்குக் காவல் நின்றவன் என்று ராணுவம் பிடித்து அடைத்து வைத்து அடித்திருக்கிறது. ஆனால் அவன் காவல் நின்றதற்குச் சாட்சி இல்லை. மேன்முறையீடு சித்திரை பதினான்கு. அதுவும் போனால் திருப்பி அனுப்புவார்கள்.

"அங்கை இருந்த ஆக்களிலை பாரிசிலை இருக்கிறது நீங்கள் மட்டும்தான் அன்ரி. அவரைப் பற்றி உங்களுக்கு என்ன நினைப்பு எண்டு எனக்குத் தெரியும். ஆனா கோட்டிலை வந்து, இவர் அங்கை காவல் நிண்டவர் எண்டு ஒரு வார்த்தை சொன்னாக் காணும்."

"வாறன் பிள்ளை," என்றேன். என் குரல் தேனாக இருந்தது. நீதிபதி, இவரைத் தெரியுமா என்று கேட்பார். அப்படி ஒருவர் அங்கே காவல் நின்றதே இல்லை என்று சொல்லுவேன். நித்திரை கொண்டவன் காவல் நிற்கத்தானே இல்லை. அவனைப் பிடித்துக்கொண்டு போய்க் கட்டுநாயக்கா விமான நிலையத்தில் இறக்கட்டும். அவனுடைய அம்மாவும் வாசலில் இருந்து அழட்டும். அன்றிரவு நான் நன்றாக நித்திரை கொண்டேன்.

வழக்குக்கு எட்டு நாள் இருக்க, கொம்பனி என்னை வேறிடத்துக்கு அனுப்பியது. நகரத்துக்கு வெளியே ஒரு விமான அருங்காட்சியகம். அங்கே வேலை செய்கிறவள் விடுமுறையில் போய்விட்டாளாம். திங்கட்கிழமை காலை, பார்க்க வருகிறவர்களுக்குப் பூட்டு. பெரிய கொட்டகைக்குள் விமானங்கள் வரிசையாக நின்றன. நிலம் துடைக்கும் மெசினைத் தள்ளிக்கொண்டு போனேன். ஒன்றையும் நிமிர்ந்து பார்க்கக்கூடாது என்றுதான் போனேன்.

பச்சையும் மண்ணிறமும் பூசிய ஒன்றின் கீழே ஒரு கிழவர் துணியும் எண்ணெயுமாக நின்றார். மார்செல் என்று பெயர். ஓய்வுபெற்ற மெக்கானிக், சம்பளமில்லாமல் வந்து துடைக்கிறவர். எந்த நாடு என்று கேட்டார். சொன்னேன். அவருடைய முகம் மலர்ந்தது. ஆ, உங்கள் நாட்டிலும் இந்தக் குடும்பம் பறந்ததே மதாம், என்றார். இது மிக்-23. இதன் தம்பி 27, தரையில் குண்டு போடுவதற்கென்றே செய்தது, மூக்கு தாரா வாத்தின் மூக்கு மாதிரித் தட்டையாக இருக்கும். சோவியத் உடைந்த பிறகு உக்ரைனில் சும்மா கிடந்தவற்றைத் திருத்தி உங்கள் அரசாங்கத்துக்கு விற்றார்கள். பேரப்பிள்ளையின் படிப்பைப் பற்றிச் சொல்கிற மாதிரிச் சொன்னார்.

மெசினை நிறுத்தினேன். இதில் என்ன அப்படிப் பெருமை என்று என்னுடைய மெனாஜ் பிரெஞ்சில் கேட்டேன்.

அவர் பக்கத்து மேசைக்குக் கூட்டிப்போனார். பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்குக் காட்டுவதற்கு வைத்த சின்ன மாதிரி விமானம் ஒன்று இருந்தது, முழங்கை நீளம். சின்ன ஓடுபாதையில் மெல்லமாக ஏறி இறங்க அகலச் சிறகு வேண்டும், வேகமாகப் பாய ஒடுங்கிய சிறகு வேண்டும், இரண்டும் ஒரே விமானத்தில் எப்படி? என்று கேட்டார். பதிலுக்குக் காத்திருக்காமல், மாதிரியின் வயிற்றில் இருந்த பிடியைத் தள்ளினார்.

சிறகு விரிந்தது.

பிடியை இழுத்தார். சிறகு பின்னால் மடிந்து உடம்போடு ஒட்டியது. விமானி இடது கையால் ஒரு நெம்புகோலை அசைத்தால் போதும் மதாம், பறந்துகொண்டே மாற்றலாம், பதினாறு பாகை, நாற்பத்தைந்து, எழுபத்திரண்டு, என்றார். விரித்தால் ஆறுதலாகச் சுற்றித் தேடலாம். மடித்தால் பாயலாம். இதைச் செய்த பொறியியலாளர்களுக்கு அந்தக் காலத்தில் பதக்கம் கொடுத்தார்களாம்.

நான் பிடியை வாங்கித் தள்ளினேன். அகலம். இழுத்தேன். ஒடுக்கம். திரும்பவும் தள்ளினேன். நாசமாய்ப் போவார்கள், ஒன்றை இரண்டாகக் காட்டுகிற சாமானை உட்கார்ந்து யோசித்துச் செய்து பதக்கமும் வாங்கியிருக்கிறார்கள். அவர்களில் ஒருவன் அங்கே நின்றிருந்தால் அந்த மெசினை அவன் மேல் ஏற்றியிருப்பேன்.

அகலச் செட்டையை நானும் கண்டேன்.

ஏழு வருடமாக ஒருவருக்கும் சொல்லாததை இப்போது எழுதுகிறேன். அன்று பங்கருக்குள் முழங்கால் அளவு தண்ணீர். பேர்ளிக்கு இருமல். இரண்டு விசில் இன்னும் ஊதவில்லை. நான் தலையை நீட்டிப் பார்த்தேன். உயரத்தில், செட்டையை நன்றாக விரித்துக்கொண்டு ஒன்று ஆறுதலாகச் சுற்றியது. குண்டு போடுகிறது இப்படியா இருக்கும், இது வேறு ஏதோ என்று நினைத்தேன். பிள்ளையைத் தூக்கி வெளியே விட்டேன். பின்னேரம் விசாரிக்கும்போது, கண்டேன் என்று சொல்லியிருந்தால், அடுத்த கேள்வி வந்திருக்கும். கண்டுமா பிள்ளையை வெளியே எடுத்தாய் என்று. அதனால்தான் வானம் வெறுமை என்றேன். சொல்லிச் சொல்லி, எனக்கே அது வெறுமையாகிவிட்டது.

மார்செல் தேத்தண்ணி குடிக்கப் போனார். மாதிரி விமானத்தைத் துடைக்கும் துணியில் சுற்றி வேலைப் பைக்குள் வைத்தேன். வாழ்க்கையில் நான் களவெடுத்த ஒரே சாமான் அதுதான்.

மடுத்தீனைத் தேடிப் போனது வழக்குக்கு முதல் நாள். அதுவரை கால் எழவில்லை. லா சப்பல் மெத்ரோவுக்குக் கீழே, உணவுக்கடை ஒன்றின் பின்பக்கம் வெங்காய மூட்டைகளுக்கு நடுவே குந்தியிருந்தான். என்னைக் கண்டதும் எழும்பி ஓடப் பார்த்தான்.

"நில். அடிக்க வரேல்லை," என்றேன்.

"அக்கா, நாளைக்கு உங்களுக்கு விருப்பமானதைத்தான் சொல்லப்போறன்," என்றான். "ரெண்டு பிளேன் கதை நம்பிற மாதிரி இல்லை எண்டு போன முறை எழுதிப்போட்டினம். நித்திரை கொண்டிட்டன், பயத்திலை பொய் சொன்னனான் எண்டு சொல்லப்போறன். நீங்கள் சந்தோசமா இருங்கோ."

இதைத்தானே நான் ஏழு வருடமாகக் கேட்டேன். அவன் வாயால் வரவேண்டும் என்று எத்தனை பூசையில் இருந்து மன்றாடினேன். வந்தபோது என்னால் அதைக் கேட்டுக்கொண்டு நிற்க முடியவில்லை. துணியை அவிழ்த்து விமானத்தை வெங்காய மூட்டை மேல் வைத்தேன். பிடியைத் தள்ளினேன், இழுத்தேன்.

அவன் பார்த்தான். வெங்காயம் உரித்த விரலால் தானும் தள்ளினான். நெடுநேரம் தள்ளியும் இழுத்தும் கொண்டிருந்தான்.

"ஒண்டுதானோ?" என்றான்.

"ஒண்டுதான். நீ நித்திரை கொள்ளேல்லை. நானும் கண்டனான் மடுத்தீன். கண்டிட்டுத்தான் பிள்ளையை வெளியிலை விட்டனான்."

அழுவான் என்று நினைத்தேன். மன்னிப்பான் என்றும் எங்கோ ஒரு மூலையில் நினைத்திருப்பேன். அவன் நிமிர்ந்தபோது அந்தக் கண்ணில் இருந்தது எனக்கு நன்றாகத் தெரிந்த சாமான். ஏழு வருடமாகக் கண்ணாடியில் நான் பார்த்தது அதைத்தான்.

"என்ரை அம்மா செத்தவீட்டுக்கு ஒரு சனம் வரேல்லை அக்கா. விசில்காரன்ரை தாய் எண்டு. தெரியுமோ உங்களுக்கு?"

"தெரியாது."

"கண்டனீங்கள். கண்டும் துப்பினீங்கள்." குரலை உயர்த்தவில்லை. "சரி. நாளைக்கு வாங்கோ. நீக்கிலாஸ் அண்ணையையும் கூட்டிக்கொண்டு வாங்கோ. அவர் பின்னாலை இருந்து கேக்கோணும். அவர் இல்லாட்டி நீங்களும் வரவேண்டாம். நான் நித்திரை எண்டே சொல்லிப்போட்டு அங்கை போய்ச் சாகிறன். அதுவும் உங்கடை கணக்கிலைதான்."

அவன் என்னைப் பழிவாங்கினான். சரியான இடம் பார்த்து வாங்கினான். நானாக இருந்தாலும் அதைத்தான் கேட்டிருப்பேன்.

மடுத்தீனுக்குச் சாட்சி சொல்லப் போகிறேன், நீங்களும் வாங்கோ என்று மட்டும் நீக்கிலாசிடம் சொன்னேன். அவர் என்னை விசித்திரமாகப் பார்த்தார். ஒன்றும் கேட்காமல் லீவு போட்டார். ரயிலில் என் பையைத் தானே மடியில் வைத்துக்கொண்டு வந்தார்.

மொந்த்ரேயில் நீதிமன்ற அறை சின்னது. மூன்று நீதிபதிகள். நீக்கிலாஸ் கடைசி வரிசை வாங்கில் இருந்தார். மடுத்தீனின் அவொக்கா, அவனுடைய வழக்கறிஞர், ஒரு கெட்டிக்காரப் பெண். என்னுடைய களவுச் சாமானை நீதிபதிகளுக்கு முன்னால் வைத்துச் செட்டையை விரித்து மடித்துக் காட்டினாள். பிறகு என்னைக் கூப்பிட்டார்கள். ஷிரோமி பக்கத்தில் நின்று மொழிபெயர்த்தாள். இவரைத் தெரியுமா? தெரியும். எங்கே நின்றார்? பாலை மரத்தில். அந்த விமானத்தை வேறு யாராவது கண்டார்களா?

"நான் கண்டனான்," என்றேன். "அகலச் செட்டையோடை கண்டனான். சாமான் பிளேன் எண்டு நினைச்சு என்ரை பிள்ளையை நான்தான் பங்கருக்கு வெளியிலை எடுத்து விட்டனான். இவர் நித்திரை கொண்டவர் எண்டு அண்டைக்கு நான் சொன்னது பொய்."

பின்னால் வாங்கு கிரீச்சிட்டது. நான் திரும்பவில்லை.

மூன்று கிழமையில் மடுத்தீனுக்கு வழக்குச் சரி வந்தது. இப்போது அவன் வீதி மாறுவதில்லை. நான்தான் மாறுகிறேன். ஆனால் நான் சொல்ல வந்தது அதையல்ல, அன்று வெளியே நடைபாதையில் நடந்ததை.

நீக்கிலாஸ் என்னைத் தாண்டிப் போனார். நேரே மடுத்தீனிடம் போய் அவனுடைய இரண்டு கையையும் பிடித்தார்.

"தம்பி, மரத்திலை இருந்து உனக்கு எங்கடை பிள்ளையைத் தெரிஞ்சதோ? கடைசியா என்ன செய்துகொண்டு நிண்டவள்?"

மடுத்தீன் என்னைப் பார்த்தான். அதற்கு மேல் பழிவாங்க அவனுக்கு மனமில்லை என்று தெரிந்தது. ஆனாலும் கேட்டவர் தகப்பன்.

"மேலை பாத்துக் கையை ஆட்டிக் காட்டினவள் அண்ணை. பிளேனுக்கு. சிரிச்சுச் சிரிச்சு."

நீக்கிலாஸ் மெல்லத் திரும்பினார். ஏழு வருடத்தில் முதல் தடவையாக என்னிடம் ஒரு கேள்வி கேட்கப்போகிறார் என்று தெரிந்தது. அவரைக் கேட்க வைக்காமல் நானே சொன்னேன்.

"நான்தான் காட்டச் சொன்னனான்."