அரிக்கும் கோள்

1

இந்தக் கதை என் கணவரின் முதுகிலிருந்து வந்தது. வேறு எங்கிருந்தோ வந்ததாகச் சொல்லிவிடலாம் என்று இரண்டு முறை முயன்றேன். படித்தால் எனக்கே சிரிப்பு வந்தது.

தனிஸ்லாஸுக்குச் சொரியாசிஸ். முதுகிலும் முழங்கையிலும் தோல் தடித்து, வெள்ளைப் பொருக்காகப் படர்ந்து, செதில் செதிலாக உதிரும். காலை வெயில் கொஞ்சம் படட்டும் என்று டாக்டர் சொன்னதால் விடுமுறை நாட்களில் கீழக்குயில்குடி சமணர் மலைக்குப் போவோம். ஆள் வராத பாறையாகப் பார்த்துச் சட்டையைக் கழற்றி உட்காருவார். அப்படி ஒரு நாள் அவருக்குப் பின்னால் இருந்த பாறையைக் கவனித்தேன். சாம்பலும் வெளிர்பச்சையுமாக அதன்மேல் ஒரு பொருக்கு. நாம் குருமாவில் போடுகிற கல்பாசிக்குச் சொந்தம், உயிருள்ளது. (பாறையை யாரும் டாக்டரிடம் கூட்டிப்போவதில்லை.)

வீட்டுக்கு வந்ததும் எழுத உட்கார்ந்துவிட்டேன்.

2

தொடக்கம்: 'சூரியபிரகாஷ் விண்கலத்தின் கதவைத் திறந்தபோது தரை மூச்சுவிட்டது.'

(விடட்டும். எந்தக் கதையில்தான் தரை மூச்சுவிடவில்லை?)

இன்னொன்று: 'அந்தக் கோளில் மண் இல்லை. தரை முழுவதும் ஒரே உயிர், ஊதா நிறப் பொருக்கு. காயம் பட்ட இடத்தில் அது இன்னும் தடித்து வளரும். உதிர்ந்த செதில்கள் காற்றில் ஏறி விண்மீன்களோடு மின்னும்.'

கடைசி வாக்கியத்தில் எனக்கு ஏகப்பட்ட பெருமை.*

சூரியபிரகாஷ்மேல்தான் சந்தேகம். ஆராய்ச்சியாளன், ஆள் நல்லவன். ஆனால் வந்து இறங்கியதும் கையுறையைக் கழற்றிவிட்டு அந்தப் பொருக்கைத் தொட்டுப் பார்க்கிறான். அவ்வளவு சுலபமாக யார் தொடுகிறார்கள்? அவனை நான் நம்பவில்லை. அதனால் அவன்

(வாக்கியம் நிற்கட்டும். அவர் வருகிறார்.)

* வீட்டில் அதே செதில்களைத் தினமும் படுக்கை விரிப்பிலிருந்து உதறுகிறேன். ஒருநாளும் மின்னியதில்லை.

3

அவரிடமே படிக்கக் கொடுத்தேன். நின்றுகொண்டே படித்தார்.

"நல்லாத்தான் இருக்கு பெர்சி. என்னையத்தான் எழுதிருக்கன்னு தெரியுது."

"கோவமாங்க?"

"அதில்ல. இம்புட்டு அழகா எழுதிருக்கியே, அதுக்கு அரிக்கவே அரிக்காதா?"

வாங்கி மேலும் கீழும் தேடிப் பார்த்தேன்.

"கை எட்டாத எடத்துல அரிச்சா நான் கதவு நெலையில போயி முதுகத் தேய்க்கிறேன். அந்தக் கோளு எதுல போயித் தேய்க்கும்?"

சிரித்துவிட்டேன். சிரித்து முடிப்பதற்குள் அழுகை வந்தது. இத்தனை பக்கம் எழுதியிருக்கிறேன், அரிப்பு என்று ஒரு சொல் இல்லை.

எழுதி வைத்திருந்த இரண்டு முடிவுகளையும் வாசித்துக் காட்டினேன். முதலாவதில் மருந்து தூவுகிறார்கள், பொருக்கு உதிர்ந்து அடியில் வழவழப்பான தரை தெரிகிறது. இரண்டாவதில் மனிதர்கள் பொருக்கோடு பொருந்தி வாழக் கற்றுக்கொள்கிறார்கள்.

"மொதல்ல வாசிச்சது எனக்கு வேணும்" என்றார்.

"அதுல பொருக்கு செத்துருதேங்க."

"சாகட்டும். ரெண்டாவது படிக்கிறவங்களுக்கு. அவங்களுக்கு மனசு குளுந்துரும்."

(இரண்டையும் அடித்துவிட்டேன்.)

4

இன்று பெரிய வெள்ளி. மாலை வழிபாட்டுக்குள் கதையை முடித்துவிட வேண்டும் என்று தவிக்கிறேன். ஏன் இந்த அவசரம் என்று சொல்லிவிடுகிறேன்.

எங்கள் கோயிலில் சிலுவையிலுள்ள இயேசுவின் பாதத்தை முத்தி செய்ய, அதாவது முத்தமிட, இரண்டு வரிசைகள் போகும், வரிசைக்கு ஒரு சிலுவை. ஒவ்வொருவர் முத்தியதும் பாதத்தை வெள்ளைத் துணியால் துடைப்பார்கள். போன வருடம் நான் பாடகர் குழுவோடு பீடத்துக்குப் பக்கத்தில் நின்று பாடிக்கொண்டிருந்தேன். தனிஸ்லாஸ் வரிசையில் வந்தார். அவருக்குப் பின்னால் நின்றவர்கள் ஒவ்வொருவராகப் பக்கத்து வரிசைக்கு மாறினார்கள். கைகூப்பியபடி, வெகு பக்தியாக மாறினார்கள். இது தொற்றாத வியாதி என்று அவர்களுக்கெல்லாம் தெரியும். அவர் முத்தியதும் பாதத்தை இரண்டு முறை துடைத்தார்கள். நான் பாட்டை நிறுத்தவில்லை.

அதற்குப் பிறகு பூசைக்கு வந்தாலும் கடைசி பெஞ்சு, முழுக்கைச் சட்டை. நற்கருணை அப்பம் வாங்க எழுந்திருப்பதே இல்லை. இன்று கோயிலுக்கே வரவில்லை என்று காலையில் சொல்லிவிட்டார். இந்த முறை வராவிட்டால் இனி எப்போதும் வரமாட்டார் என்று எனக்குப் பயமாக இருக்கிறது. கதையில் ஒரு நல்ல முடிவு கிடைத்தால் அதைக் காட்டி அவரை அழைத்துப்போகலாம் என்று நினைத்தேன். எழுதுகிறவர்களுக்கு இப்படித்தான் புத்தி போகும்.

மூன்றாவது முடிவு: 'விண்கலங்கள் வரிசையாக வந்தன. முதல் கலம் அந்தப் பொருக்கின்மேல் இறங்கத் தாழ்ந்தது. அதைப் பார்த்ததும் மற்றவை ஒவ்வொன்றாகப் பக்கத்துக் கோளுக்கு'

"பக்கத்துக் கோளுக்குப் போயிருச்சாக்கும்?"

பின்னால் நின்று படித்திருக்கிறார். நான் திரும்பவில்லை.

"அந்த மொதக் கலம் என்னாச்சு? எறங்குச்சா, அதுவும் திரும்பிருச்சா?"

"எறங்கிருச்சுங்க."

"அப்ப அத எழுது" என்று சொல்லிவிட்டுக் குளிக்கப் போனார்.

5

அரைக்கைச் சட்டை போட்டுக்கொண்டு வந்தார். முழங்கை இரண்டும் வெள்ளையாகத் தெரிந்தன.

"முழுக்கைச் சட்ட இஸ்திரி போட்டு வச்சிருக்கேனேங்க."

"வேணாம். மூடுனா இன்னும் அரிக்கும். நேரமாச்சே, நீ பாடப் போகல?"

"இல்ல. இன்னைக்கு உங்களுக்குப் பின்னாடி நிக்கப் போறேன்."

செருப்பைத் தேடிக்கொண்டிருந்தவர் நிமிர்ந்து பார்த்தார்.

"எனக்கப்புறம் நீ, சரி. ஒனக்கப்புறம்?"

அதைத்தான் எழுதிப் பார்த்தேன். எனக்குப் பின்னால் சூரியபிரகாஷை நிறுத்தினேன், நிற்கவில்லை. அவன் நான் உண்டாக்கிய ஆள். லேப்டாப்பை மூடப்போகிறேன். அவர் வண்டியை எடுத்து வாசலில் நிறுத்திவிட்டார்.

அவர் முத்துவார், துடைப்பார்கள். நான் முத்துவேன், துடைப்பார்கள். அடுத்தது நீங்கள். பக்கத்து வரிசையும் நகர்ந்துகொண்டுதான் இருக்கும்.