லாமாராவின் செருமல்

திபிலிசி நகரத்தில் நடிகை சியாலாவின் முகம் தெரியாதவர்கள் கிடையாது. குரலைத்தான் ஒருவரும் கேட்டதில்லை. அவளுடையது குரியாப் பக்கத்துப் பேச்சு, படபடவென்று பொரிகிற பேச்சு. ராணி வேஷக்காரி சந்தைக்காரி மாதிரிப் பேசினால் எப்படி என்று முதல் படத்திலேயே இயக்குநர் முகம் சுளித்துவிட்டார். அன்று தொடங்கி இவள் வாயசைக்க, லாமாரா பேசினாள். பேசுமுன் இரண்டு தடவை செருமுவாள், பிறகு வெண்கலம் போலக் குரல் வரும். ஊரெல்லாம் அந்தக் குரலைக் கொண்டாடியது. வயிறு எரியாதா?

போன இலையுதிர் காலத்தில் லாமாரா செத்துப்போனாள். சியாலா போய்ச் சவப்பெட்டியைச் சுற்றி வந்தாள். சாவு விருந்தில் எல்லாரும் எழுந்து, இறந்தவளின் பெயரைச் சொல்லிக் குடித்தபோது, இவள் மட்டும் கோப்பையைத் தொடவில்லை. பார்த்தவர்கள் பார்க்கட்டும் என்று உட்கார்ந்திருந்தாள்.

இப்போது அவளுடைய பழைய படமொன்றைப் புதுப்பிக்கிறார்கள். கடைசிக் காட்சியின் ஒலி மட்டும் கெட்டுப்போயிருந்தது. அதில் அவளுக்குக் கிழவி வேஷம். "இப்போ உங்க வயசுக்கு நீங்களே பேசிடலாம்மா" என்று ஒலிப்பதிவாளர் வாஜா கூப்பிட்டதும், புதுத் தலைக்குட்டையைக் கட்டிக்கொண்டு ஓடினாள். சாவதற்குள் ஒரே ஒரு தடவை, தன் முகத்துக்குத் தன் குரல். வேறெதுவும் அவளுக்கு வேண்டியிருக்கவில்லை.

"போகாதே, விளக்கை அணைக்க மாட்டேன்" என்று மைக்கில் பேசினாள். வாஜா பதிவைத் திருப்பிப் போட்டான். முதலில் இரண்டு செருமல். பிறகு அந்த வெண்கலக் குரல்.

"அடேயப்பா! லாமாரா அம்மாவை அப்படியே உரிச்சு வச்சிருக்கீங்களே!"

"நான் செருமவே இல்லியேடா!"

"மைக்கைப் பார்த்தா எல்லாரும் செருமுறதுதான். விடுங்கம்மா."

மறுபடி பேசினாள். மறுபடியும் அதேதான். எது வந்து நிற்கிறது, எதைக் கேட்டு நிற்கிறது என்று சியாலாவுக்குப் புரிந்துவிட்டது.

மதியம் கான்டீனில் சிவப்பு ஒயின் வாங்கி, இறந்தவர்களுக்குச் செய்வதுபோல ரொட்டித் துண்டில் சில சொட்டு விட்டாள். "அன்னிக்கு உனக்காகக் குடிக்கல, லாமாரா. பொறாமைதான், வேறென்ன? இந்தா, வாங்கிக்கோ. வாங்கிட்டுப் போயிடுடி, தாயே." மிச்சத்தை ஒரே மூச்சில் குடித்தாள்.

திரும்பி வந்து பேசியபோது செருமல் இல்லை. ஒலிபெருக்கியில் கரகரத்த, அவசரக்காரக் குரியாக் குரல் கேட்டது. என்னுடையதுதான், கடவுளே, என்னுடையதேதான் என்று சியாலா விக்கி விக்கி அழுதாள்.

வாஜா வழுக்கைத் தலையைச் சொறிந்தான்.

"தப்பா எடுத்துக்காதீங்கம்மா. இது யாரோ மாதிரி இருக்கு."

"நான்தாண்டா சியாலா!"

"எனக்குத் தெரியுது. ஜனங்களுக்கு? உங்களுக்கு வேற யாரோ டப்பிங் பேசிட்டாங்கன்னு தியேட்டரே சிரிக்கும். காலையில பேசினதையே வச்சுக்கலாம்னா, அதுல இப்போ என்னமோ வெறும் இரைச்சல்தான் இருக்கு. முன்ன பேசின மாதிரியே இன்னொரு தடவை பேசிக் குடுங்க."

திரையில் அவள் முகம் வாயைத் திறந்தபடி உறைந்து நின்றது. படம் முழுக்க அந்த வாயில் லாமாரா பேசியிருந்தாள். இந்த ஒரு வரிதான் பாக்கி.

சியாலா தலைக்குட்டை நுனியால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

"வாடி" என்றாள், மைக்கைப் பார்த்து. "வந்து பேசித் தொலை."

வாஜா பொத்தானை அழுத்தினான். அவள் உதட்டை இறுக மூடிக்கொண்டுதான் நின்றாள். ஒலிபெருக்கியில் யாரோ இரண்டு தடவை செருமினார்கள்.