பத்தாவது கல்

பட்டாளத்து நடைப்பயணங்களைப் பற்றி ஓய்வுபெற்ற சிப்பாய் எழுதிய புத்தகம் அச்சாகி வந்துவிட்டது. வெளியீட்டு விழாவுக்குப் பழைய சீருடையில்தான் போவேன் என்று அடம்பிடித்தார்.

"இந்தத் தொப்பைக்கு ரெண்டு கால்சட்டை வேணும்," என்று முணுமுணுத்தபடி மனைவி சீருடைக் கால்சட்டையின் உள்துணியைப் பிரித்தாள். உள்ளேயிருந்து ஒரு கூழாங்கல் விழுந்தது.

சிப்பாய் குனிந்து அதை எடுத்தார்.

படையில் அடி எண்ணும் வேலை அவருடையது. இடது பையில் பத்துக் கல் இருக்கும். நூறு அடிக்கு ஒன்றாக வலது பைக்கு மாற்றுவார். இடது பை காலியானால் ஆயிரம் அடி. அன்றும் பை காலியானதும்தான் "திரும்பு" என்றார். திரும்பிய இடத்தில் கண்ணிவெடி. முன்னால் நடந்த நண்பனின் கால் போயிற்று. வரைபடம் போட்டவன் அவன்தான் என்பதால், படம் தப்பு என்று எல்லோரும் முடிவுகட்டினார்கள். இவரும் ஓர் அத்தியாயம் முழுக்க அவனைக் காய்ச்சி எடுத்திருந்தார்.

அன்று போட்டிருந்த அதே கால்சட்டையின் இடது பைக்குள் கையை விட்டார். ஓட்டை வழியாக விரல் உள்துணிக்குள் போனது. அப்படியானால் அன்று மாற்றியது ஒன்பது கல். நூறு அடி முன்னாலேயே திருப்பிவிட்டிருக்கிறார்.

"ஒரு கல்லுக்கா இப்படி வெளிறிப் போறீங்க?" என்றாள் மனைவி.

தொலைபேசி அடித்தது. நண்பன்தான்.

"புத்தகம் படிச்சேன்டா. இன்னும் நாலு வார்த்தை திட்டியிருக்கலாம். நான் தப்பா வரைஞ்சதுக்கு என் காலோட போச்சே, உங்க யாருக்கும் ஒண்ணும் ஆகலையேன்னுதான் இத்தனை வருஷமா நிம்மதியா இருக்கேன்."