கேட்கவில்லை என்றவர்

விசாரணைக் குழு கொடுத்த கடிதத்தோடு, மைக்செட் என்று பெயரெடுத்த கட்சிக்காரர் காது பரிசோதனை நிலையத்துக்கு மகளுடன் வந்தார். கட்சி மேடைகளில் தொண்டை கிழியப் பேசிச் சம்பாதித்த பட்டப்பெயர் அது. பத்தொன்பது வருடங்களுக்கு முன், மேலத்தெருவுக்கும் கீழத்தெருவுக்கும் கலவரம் மூண்ட அன்று, அவருடைய ஆட்கள் ஓர் அச்சகத்தின் ஷட்டரை வெளியே பூட்டித் தீ வைத்தார்கள். அவர் வாசலில் நின்றிருந்தார். அப்போதே தனக்குக் காது மந்தம், உள்ளே ஆள் இருந்தது தெரியாது என்று இப்போது சாதிக்கிறார்.

உள்ளே வெந்து செத்தவன், பரிசோதனை செய்பவளின் அண்ணன்.

விஷயம் தெரிந்த டாக்டர், நீ ஒதுங்கிக்கொள், நான் பார்க்கிறேன் என்றார். அவள் கேட்கவில்லை. இந்த ஒரு நாளுக்காகத்தான் இத்தனை வருடமும் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தாள்.

கண்ணாடி அறையில் அவரை உட்காரவைத்து ஹெட்போனை மாட்டினாள். சத்தம் கேட்டால் பட்டனை அழுத்த வேண்டும். காதைப் பிளக்கும் ஒலிக்கும் அவர் பிடித்துவைத்த பிள்ளையார் மாதிரி இருந்தார். நடிக்கிற காதுகளை அவள் நிறையப் பார்த்தவள். ஒலியை அடிமட்டத்துக்கு இறக்கினாள். அண்ணன் கத்தியதாகப் பக்கத்துக் கடைக்காரர் சொன்னதை மைக்கில் முணுமுணுத்தாள்.

"ஷட்டரத் திறங்க. உள்ள ஆள் இருக்கு."

அவர் தலை வெடுக்கென்று நிமிர்ந்தது. அவள் யாரென்று புரிந்துவிட்டது. ஹெட்போனைக் கழற்றிக் கதவருகே வந்தார்.

"விட்டுடும்மா. எனக்கு வயசாயிடுச்சு."

"எங்க அண்ணனுக்கு ஆகல."

தங்கை சொன்னது செல்லாது என்று அவருடைய வக்கீல் கிளம்புவார். அதனால் டாக்டரையே கூப்பிட்டு, பட்டன் தேவைப்படாத, காது நரம்பின் எதிர்வினையைத் தானே பதியும் கருவியில் மறுபடி சோதிக்கவைத்தாள். வயதுக்கேற்ற லேசான குறைவுதான், பழைய கோளாறு எதுவும் இல்லை என்று எழுதி டாக்டர் கையெழுத்துப் போட்டார்.

அதோடு அவள் விடவில்லை. உள்ளே ஆள் இருந்தது அப்பாவுக்குத் தெரியாது என்று நம்பி வளர்ந்த மகளை உள்ளே அழைத்தாள்.

"உங்கப்பாவுக்குக் காது நல்லாக் கேக்குது. அன்னைக்கும் கேட்டுச்சு. எங்கண்ணன் என்ன சொல்லிக் கத்தினான்னு அவரையே கேளுங்க."

மகள் கேட்டாள். அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். மகள் கைப்பையை எடுத்துக்கொண்டு தனியாக நடந்துவிட்டாள். அந்தப் பெண் எந்தப் பாவமும் அறியாதவள் என்பது பரிசோதனை செய்தவளுக்குத் தெரியும். தெரிந்தும் அவள் வருந்தவில்லை.

மறுவாரம் மைக்செட்டைக் கைது செய்தார்கள். இப்போதாவது மனசு ஆறியதா என்று டாக்டர் கேட்டார்.

தீ வைத்தவர்களில் இன்னும் மூன்று பேர் வெளியே இருக்கிறார்கள் என்றாள்.