ஓர் எழுத்து மிஞ்சிய பொம்மை

1

இது என் கற்பனையில் பிறந்த கதை இல்லை. 1984இல் லாஸ்பேட்டையில், என் பக்கத்து மேசையில் டைப் அடித்துக்கொண்டிருந்த சந்திரகலா ஒரு மதியம் பையிலிருந்து பொம்மையை எடுத்து, பிரான்சில் எந்த ஊரில் செய்தது என்று கண்டுபிடிக்க முடியுமா என்று கேட்டாள். அங்கே ஆரம்பித்தது.

(முதல் வரைவு, "கடல் அன்று அமைதியாக" என்று தொடங்கியது. கடலுக்கு இதில் வேலையில்லை. அடித்துவிட்டேன்.)

2

அவள் அக்கா ஆதிலட்சுமி 1971இல் ஒரு குடும்பத்தோடு, பிள்ளை பார்த்துக்கொள்ளும் வேலைக்குப் பிரான்ஸ் போனாள். அடுத்த வருடம் அப்பா கலியபெருமாள் இந்தப் பொம்மையைக் கொண்டுவந்து, அக்கா கொடுத்தனுப்பியது என்றார். ஆலைத் தொழிலாளி, அதிகம் பேசாதவர். பிறகு ஒரு தகவலும் இல்லை. அப்பாவும் இப்போது இல்லை. செய்த ஊர் தெரிந்தால் அக்காவை அங்கிருந்து தேடலாம் என்பது சந்திரகலாவின் கணக்கு.

பொம்மையைப் படுக்கவைத்தால் கண் மூடும். பிடரியில் ஒரு சின்னக் கட்டம். அதற்குள் நாட்டின் பெயர் ஆங்கிலத்தில் தேய்ந்து, 'N' என்ற எழுத்து மட்டும் மிஞ்சியிருந்தது.

3

பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்து பென்ஷன் வாங்கும் ராஜாங்கத்திடம் அழைத்துப் போனேன். பூதக்கண்ணாடியை வைத்து வெகுநேரம் பார்த்தார்.

"பிரான்சுன்னா என்னுக்கு முன்னாடி மூணு எழுத்து வரணும். இங்க ஒண்ணுக்குத்தான் எடம் இருக்கு. இது இந்தியாம்மா."

சந்திரகலாவின் கண்களில்… வேண்டாம். அவள் அழவில்லை. பொம்மையைப் பையில் வைத்துக்கொண்டு பஸ் ஏறினாள்.

4

(இங்கே கலியபெருமாளை ஏமாற்றுக்காரராக எழுதியிருந்தேன். நிற்கவில்லை.)

அம்மா செல்வாம்பாள் மறைக்கவில்லை.

"அக்கா மறந்துட்டான்னு நாலு நாளா சோறு திங்காம கெடந்த. ஷிப்டு முடிஞ்சி வந்தவரு, அப்பிடியே கடைக்குப் போனாரு."

"அக்காகிட்டேர்ந்து?"

"போனதுலேர்ந்து ஒண்ணுமே வரலடி."

5

இரண்டு முடிவுகள் எழுதினேன். ஒன்றில் அக்காவின் கடிதம் வருகிறது; பொய். இன்னொன்றில் சாவுச் செய்தி. அதை எழுத எனக்கு உரிமையில்லை.

நடந்தது இவ்வளவுதான். மறுவாரம் பிரெஞ்சு கான்சலேட்டுக்குப் போய், ஆளைத் தேடித்தரக் கேட்கும் படிவத்தை நிரப்பினாள். நான் பக்கத்தில் இருந்தேன். பெயர், வயது எல்லாம் சரசரவென்று எழுதியவள், 'கடைசியாகத் தகவல் வந்த வருடம்' என்ற இடத்தில் பேனாவை நிறுத்தினாள்.

அக்கா போன வருடம், 1971 என்று எழுதினால் அது உண்மை. 1972 என்றால் அப்பா சொன்னது.

நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். என்ன எழுதினாள் என்று இன்றுவரை கேட்கவில்லை. அவள் இடத்தில் நீங்கள் இருந்தால் எழுதியிருக்கக்கூடியதை இங்கே எழுதிக்கொள்ளுங்கள்: 19__