சமோவார் கல்யாணம்

ரைசா லிவோவ்னா லெனின்கிராத் ஸ்டூடியோ ஒன்றில் இருபத்தாறு வருஷமாகப் படத்தொகுப்பாளர். அவள் வெட்டி ஒட்டிய படங்களுக்காக ஐந்து இயக்குநர்கள் விருது வாங்கியிருந்தார்கள். அவளுக்கும் ஒருமுறை ஒரு பிளாஸ்க் கொடுத்தார்கள், மூடி இல்லாமல்.

1985 மே மாதம், நாட்டில் குடியை ஒழிப்பதென்று மேலிடம் முடிவு செய்தது. அந்த வாரம் அவள் மேஜைக்கு வந்திருந்ததோ ஒரு கிராமத்துக் கல்யாணக் கூத்து. தொண்ணூறு நிமிஷப் படத்தில் எழுபது நிமிஷம் யாராவது குடித்துக்கொண்டே இருந்தார்கள்.

தணிக்கைக் குழுவிலிருந்து குர்த்யுமோவ் வந்து பார்த்தார்.

"ஒரு கிளாஸ்கூடக் கண்ணுல படக்கூடாது, ரைசா லிவோவ்னா."

"அப்ப இவங்கள்லாம் என்னத்தக் குடிக்கிறாங்க, தோழரே?"

"டீ!"

"டீயக் குடிச்சிட்டா மாமனார் கிணத்துல விழறாரு?"

"சந்தோஷத்துல விழறாரு. எழுதிக்குங்க."

இயக்குநர் வாதிம் செர்கேயவிச் தலையில் கைவைத்து அழுதார். "என் கலையக் கொன்னுட்டாங்களே! நீங்கதாம்மா பாத்துக்கணும்" என்று சொல்லிவிட்டு, துக்கத்தை ஆற்றிக்கொள்ளக் கருங்கடல் ஓரத்துக்குப் போய்விட்டார்.

ரைசா மூன்று வாரம் உட்கார்ந்து வெட்டினாள். கை உயரத் தொடங்கும், கிளாஸ் கண்ணில் படுமுன் வெட்டு. உடனே டீக்கு வெந்நீர் கொதிக்கும் பித்தளைச் சமோவார். அடுத்த காட்சியில் அதே ஆள் கன்றுக்குட்டியைக் கட்டிக்கொண்டு கதறுவான். இருந்தது ஒரே ஒரு சமோவார்க் காட்சி. அதைப் பதினொரு இடத்தில் ஒட்டினாள். குழு கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு தேடியது. ஒரு கிளாஸும் அகப்படவில்லை. குர்த்யுமோவ் மகிழ்ந்து கையெழுத்துப் போட்டார்.

தியேட்டர்களில் சமோவார் வரும்போதெல்லாம் ஜனம் கைதட்டியது. வரிசை அடுத்த தெருவரை நின்றது. வாதிம் செர்கேயவிச் கறுத்துத் திரும்பி வந்து, சமோவார் தன் ஆன்மாவின் குறியீடு என்று பத்திரிகைக்குப் பேட்டி கொடுத்தார்.

ஆகஸ்டில் மேலிடத்துக்காரர் ஒருவர் படம் பார்த்தார். எல்லாரும் ஏன் சிரிக்கிறார்கள் என்று கேட்டார். உடனே விசாரணை.

"சமோவார எதுக்குப் பதினொரு தடவ வெச்சீங்க?" என்றார் குர்த்யுமோவ்.

"நீங்கதான டீன்னு சொன்னீங்க."

வாதிம் செர்கேயவிச் துள்ளி எழுந்தார். "நான் அப்ப ஊர்லயே இல்லீங்க! அத்தனையும் இந்தம்மா வேல!"

இருபத்தாறு வருஷத்தில் முதல்முறையாக, ஒரு படத்தின் முழுப் பெருமையும் அவளுக்கே கிடைத்தது. கூடவே ஒரு கண்டனக் கடிதமும், கால்நடைப் பயிற்சிப் படப் பிரிவுக்கு மாற்றலும்.

படத்தைத் தியேட்டர்களிலிருந்து எடுக்க உத்தரவு வந்தது. கடைசி நாளன்று அவள் டிக்கெட் வாங்கிக் கடைசி வரிசையில் போய் உட்கார்ந்தாள். அரங்கம் குலுங்கியது. பக்கத்து இருக்கைக்காரர் சிரித்துச் சிரித்து அவள் தோளிலேயே சாய்ந்துவிட்டு, "மன்னிச்சிடும்மா, தாங்கல" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டார். அவள் முதுகை நிமிர்த்தி, விளக்கு எரியும்வரை அசையாமல் இருந்தாள்.

திங்கட்கிழமை, மாட்டுக் குளம்பைச் சுத்தம் செய்வது பற்றிய இருபது நிமிஷப் படம் வந்தது. நான்கே நாளில் முடித்தாள். பார்த்துச் சரி சொல்ல ஒரு குழுவும் வரவில்லை. அந்த நிம்மதி பிடித்துப்போய், ஓய்வு பெறும்வரை அவள் அங்கிருந்து நகரவேயில்லை.