தந்தது காணும்

"நட்டஈட்டைக் கூட்டித் தரச்சொல்லி மேன்முறையீடு செய்யிறதெண்டால், புதுசா முழுக் காலுக்கும் எக்ஸ்ரே வேணும் அக்கா," என்றார் சட்டத்தரணி.

டிப்பர் மோதி நொறுங்கிய முழங்காலை விமலேஸ்வரி சேலையால் மூடினாள். விறாந்தைக்கு வந்ததும் கணவன் சிற்றம்பலத்தின் கையை இறுக்கிப் பிடித்தாள்.

"இஞ்சேருங்கோ, அதே காலில சண்டைக்க பட்ட ஷெல் துண்டு கிடக்கெல்லோ. நொண்டுறது அதாலதான் எண்டு சொல்லி, தந்ததையும் பறிச்சுப்போடுவாங்கள்."

"விசரி, அதோட எத்தினை வருஷம் வயலில நிண்டனீ! தந்த காசு ஒப்பரேசனுக்குக் காணாதடி."

"எங்க பட்டது, சண்டைக்க ஆரோட நிண்டனீ எண்டும் கேட்பாங்களப்பா."

சிற்றம்பலம் சட்டென்று சுற்றிப் பார்த்தார். "மெல்லக் கதை."

உள்ளேயிருந்து சட்டத்தரணி கூப்பிட்டார். "அக்கா, கையெழுத்து வைக்கேல்லையே?"

"வேண்டாம் ஐயா, தந்தது காணும்."

விமலேஸ்வரி படியிறங்க அவசரப்பட்டாள். முழங்கால் மடங்கவில்லை.